கவினின் பேஸ்பால்

ஹாரிஸ்பர்க், பென்சில்வேனியா

அன்புள்ள அப்பாவுக்கு,

எல்லோரும் நலம். கவின் கிரிக்கெட்டை விட்டுவிட்டு உருட்டுக்கட்டையோடு திரிகிறான் என்று போனில் கேலி செய்தீர்களே, அதற்குத்தான் இந்தப் பதில்.

இங்கே ஊருக்கு ஊர் லிட்டில் லீக் என்ற சிறுவர் பேஸ்பால் அமைப்பு இருக்கிறது. அது பிறந்த வில்லியம்ஸ்போர்ட் எங்கள் வீட்டிலிருந்து காரில் இரண்டு மணி நேரம்கூட இல்லை. கார்ல் ஸ்டாட்ஸ் என்பவர் சிறுவர்களுக்கு ஏற்ற மாதிரி மைதானத்தைச் சுருக்கி, கடை கடையாக ஏறி இறங்கி ஸ்பான்சர் பிடித்து, 1939-இல் மூன்றே டீமோடு தொடங்கினாராம். இன்று 80-க்கும் மேற்பட்ட நாடுகளில் ஆடுகிறார்கள். 1974 வரை பெண் பிள்ளைகளுக்கு மட்டும் இடம் கிடையாது. நியூ ஜெர்சியில் மரியா பெப்பே என்ற சிறுமிக்காக வழக்கு நடந்த பிறகுதான் வழிவிட்டார்கள்.

கவின் டி-ஷர்ட்டின் முதுகில் உள்ளூர் பல் டாக்டரின் விளம்பரம், நம்மூர்த் திருவிழா நோட்டீஸ் மாதிரி! கோச் வேலை பார்ப்பது அப்பாக்கள்தான், சம்பளம் இல்லை. மைதானத்துத் தின்பண்டக் கடையையும் பெற்றோர்தான் பார்த்துக்கொள்கிறோம், போன சனிக்கிழமை சுதாவின் முறை. ஹாட் டாக் விற்றுக்கொண்டே, இத்தனை நாள் கையசைப்போடு போய்விடும் எதிர்வீட்டு அம்மாவின் குடும்பக் கதை முழுவதையும் கேட்டு வந்துவிட்டாள்.

எனக்குப் பிடித்தது விதிகள்தான். சுமாராக ஆடுகிற பிள்ளையையும் களத்தில் இறக்கியே ஆக வேண்டும். பெஞ்சிலேயே உட்கார வைக்க முடியாது. கவின் வயதுக்காரர்கள் ஒரு நாளில் 75 பந்துக்கு மேல் வீசக் கூடாது, கை கெட்டுவிடுமாம். ஓர் அம்மா கையில் சின்னக் கருவியை வைத்து ஒவ்வொரு பந்துக்கும் 'டிக்' 'டிக்' என்று எண்ணுகிறார். கோச் கெஞ்சினாலும் அசைவதில்லை.

இப்போது பணம் கட்டி ஊர் ஊராகப் போய் ஆடும் தனியார் டீம்கள் பெருகிவிட்டன. நன்றாக ஆடுகிறவர்களை அவர்கள் இழுத்துக்கொள்கிறார்கள். கவினுக்கும் ஆசைதான், நான் சம்மதிக்கவில்லை. பத்து வயதில் எதற்கு அது?

ஆகஸ்டில் வில்லியம்ஸ்போர்ட்டில் உலகப் போட்டி நடக்கும். டிக்கெட் இலவசம். மைதானத்துக்குப் பின்னால் உள்ள மேட்டில் பிள்ளைகள் அட்டையில் உட்கார்ந்து சறுக்குவார்கள். அதற்குள் வரப் பாருங்கள். விசாவுக்கான கடிதத்தை அடுத்த வாரம் அனுப்புகிறேன். அம்மாவின் கண் ஆபரேஷன் எந்தத் தேதி என்று சொல்லுங்கள், அதைப் பார்த்து டிக்கெட் போடலாம்.

அன்புடன்,
செந்தில்