தாழ்வாரத்துக் கீரைத் தொட்டிகள்: நகர மன்றத்திற்கு ஒரு திறந்த மடல்

சிங்கப்பூரில் எங்கள் வட்டார நகர மன்றத்தின் தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சென்ற வாரம் எங்கள் அடுக்குமாடி புளோக்கின் மின்தூக்கி அருகே ஓர் அறிவிப்பு ஒட்டப்பட்டது. பொதுத் தாழ்வாரத்தில் உள்ள செடித்தொட்டிகள் அனைத்தையும் 14 நாள்களுக்குள் அகற்ற வேண்டும் என்றும், தவறினால் மன்றமே எடுத்துச் சென்றுவிடும் என்றும் அதில் கண்டிருந்தது. தீ நேர்ந்தால் வெளியேறும் வழி, டெங்கி ஆகிய இரண்டும் காரணங்களாகக் கூறப்பட்டிருந்தன. இரண்டும் உயிர் தொடர்பானவை. அவற்றை நான் மறுக்கவில்லை. ‘அனைத்தையும்’ என்ற ஒரு சொல்லை மட்டும் மாற்றுமாறு கேட்கவே இம்மடலை எழுதுகிறேன்.

தாழ்வாரத்தில் குறைந்தது 1.2 மீட்டர் அகலம் தடையின்றி இருக்க வேண்டும் என்பது விதி. எங்கள் வீட்டுக்கு முன் அளந்து பார்த்தேன். தாழ்வாரத்தின் அகலம் 1.6 மீட்டர். ஆக, விதியை மீறாமலேயே 40 சென்டிமீட்டர் மிஞ்சுகிறது. கீரைகளின் வேர் ஆழமாக ஓடுவதில்லை என்பதால், 20 சென்டிமீட்டர் அகலமும் அதே அளவு ஆழமும் உள்ள நீளத்தொட்டியே ஒரு வீட்டுக்குப் போதும். எங்கள் மாடியில் உண்மையிலேயே வழியை அடைத்து நிற்பவை பழைய அலமாரிகளும் மிதிவண்டிகளும்தாம். இரண்டு மூன்று பெரிய பூந்தொட்டிகளும் அவற்றோடு சேரும்; அவற்றை அகற்றச் சொல்வது முறையே.

தேசியப் பூங்காக் கழகம் 2020இல், விண்ணப்பித்த குடும்பங்களுக்கு இலவச விதைப் பொட்டலங்களை அனுப்பத் தொடங்கியபோது, எங்கள் மாடியிலும் பலர் விதைத்தார்கள். முளைத்தவற்றில் பாதி, வெளிச்சம் தேடி நூலாக நீண்டு சாய்ந்தன. விதையின் மேல் குற்றமில்லை. எந்தத் திசை நோக்கிய தாழ்வாரத்தில் எதை, எப்போது விதைப்பது என்பதை எங்களுக்கு யாரும் சொல்லவில்லை. அதை நாங்களே கற்றுக்கொள்ள நான்கு ஆண்டுகள் ஆயின.

எங்கள் தாழ்வாரம் வடக்கு நோக்கியது. சிங்கப்பூர் நிலநடுக்கோட்டுக்குச் சற்றே வடக்கில் இருப்பதால், மார்ச் கடைசி வாரத்திலிருந்து செப்டம்பர் மூன்றாம் வாரம்வரை நண்பகல் சூரியன் நமக்கு வடக்கே நிற்கிறது. மீதி மாதங்களில் தெற்கே போய்விடுகிறது. ஆகவே எங்களுக்கு நேர்வெயில் அரை ஆண்டுதான். அந்த அரை ஆண்டிலும், கைப்பிடிச் சுவரை ஒட்டி வைத்த தொட்டியின்மேல் அச்சுவரின் நிழலே விழுகிறது. வீட்டுச் சுவரை ஒட்டி வைத்தால் காலையிலும் மாலையிலும் சாய்வெயில் கிடைக்கிறது. தொட்டி கீழே விழுந்து யாரையாவது காயப்படுத்துமோ என்ற கவலை உங்களுக்கு இருந்தால் அதற்கும் இதிலேயே விடை இருக்கிறது என்பதைக் கனிவோடு சுட்டிக்காட்டுகிறேன்.

வெயில் உள்ள மாதங்களில் காங்கோங் கீரையும் முளைக்கீரையும் ஏறத்தாழ நான்கு வாரங்களில் அறுவடைக்கு வருகின்றன. பக்கத்து வீட்டு மலாய்ப் பாட்டி ‘பாயம்’ என்று விதைப்பதும் என் அம்மா முளைக்கீரை என்று விதைப்பதும் ஒரே குடும்பத்துச் செடி என்பதை அவர்கள் இருவரும் தொட்டியருகே நின்றுதான் கண்டுபிடித்தார்கள். எதிர்முனை வீட்டுச் சீன அம்மையார் வளர்க்கும் சாய் சிம் என்னும் சீனக் கீரைக்கு வெயில் இன்னும் கூடுதலாக வேண்டும். எங்கள் மாடியில் அது மெலிந்தே வருகிறது. வெயில் போன மாதங்களில் வல்லாரை, பொன்னாங்கண்ணி, சக்கரவள்ளிக் கிழங்கின் இலை ஆகியவையே கைகொடுக்கின்றன. தாழ்வாரத்துக்குக் கூரை இருப்பதும் ஒரு நன்மை. ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் பெய்யும் நம் மழையில் திறந்தவெளிப் பாத்திகளில் மண் தெறித்து இலை அழுகுவதைப்போல் இங்கே நேர்வதில்லை.

டெங்கியைப் பற்றிச் சொல்லாமல் கடக்க என்னால் இயலாது. 35,000க்கும் மேற்பட்டோரை அந்நோய் தாக்கிய 2020இல், என் தம்பியும் ஆறு நாள்கள் மருத்துவமனையில் கிடந்தான். அதன்பின் எங்கள் வீட்டுத் தொட்டிகளுக்கு அடித்தட்டே கிடையாது. தரை நனைந்து முதியோர் வழுக்கி விழாதபடி, தேங்காய் நார்த்தூள் கலந்த மண்ணில் காலையும் மாலையும் குவளையால் அளந்து ஊற்றுகிறோம். மேல்மண் இறுகினால் அதன்மேலும் நீர் தேங்கும் என்பதால் வாரம் ஒரு முறை கிளறிவிடுகிறோம். அடித்தட்டு வைத்தே தீருவோம் என்பவர்கள் அதை அடிக்கடி தேய்த்துக் கழுவ வேண்டும். ஏடிஸ் கொசுவின் முட்டை காய்ந்த நிலையிலும் பல மாதங்கள் உயிரோடு ஒட்டிக்கொண்டிருக்கும். வாளித் தண்ணீரில் காங்கோங் வளர்ப்பதை மன்றம் முற்றிலும் தடை செய்யட்டும். அதே கீரை ஈரமண்ணிலும் நன்றாகவே வளர்கிறது.

ஆகவே எங்கள் வேண்டுகோள் இது. கெடு முடியும் முன் உங்கள் அலுவலர் ஒருவர் அளவுநாடாவுடன் வந்து, ஒவ்வொரு மாடியிலும் 1.2 மீட்டருக்கு ஒரு கோடு வரையட்டும். கோட்டைத் தாண்டி நடைவழியில் நீண்டிருப்பது எதுவாயினும் போகட்டும். கோட்டைத் தாண்டாமல் சுவரோரம் நிற்கும் தொட்டியில் நீர் தேங்கியிருந்தால் அந்த வீட்டுக்கு எச்சரிக்கை தரப்படட்டும். 1.2 மீட்டருக்கு மேல் அகலமே இல்லாத பழைய புளோக்குகளில் வசிப்போருக்கு, கீழ்த்தளத்தை ஒட்டி வெயில் படும் ஓரிடத்தில் சில தொட்டிகளுக்கு இடம் ஒதுக்க முடியுமா என்பதையும் பரிசீலியுங்கள்.

மார்ச் கடைசியில் வெயில் எங்கள் பக்கம் திரும்புகிறது. உங்கள் முடிவு அதற்கு முன் தெரிந்தால் விதைக்க வசதியாக இருக்கும். அலுவலர் வரும் நாளைத் தெரிவித்தால், எங்கள் மாடியின் ஒவ்வொரு வீட்டிலிருந்தும் ஒருவர் தொட்டியருகே நின்று காட்டுவோம்.

இப்படிக்கு,
வடக்குத் தாழ்வாரத்தில் வசிக்கும் ஒருவர்