கயிறு தொய்வாக இருக்கட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சொன்ன பேச்சு கேட்காத நாய்க்குக் கழுத்தை இறுக்கும் சங்கிலி போட்டு, வெடுக்கென்று நாலு தடவை இழுத்தால் வழிக்கு வந்துவிடும் என்று சென்ற ஞாயிறு இதழில் ஒரு கட்டுரை வந்திருந்தது. படித்ததும் மனசு பதறிவிட்டது.

நான் டர்பன் பக்கம் சாட்ஸ்வொர்த்தில் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுப்பவள். எங்கள் நாய் கருப்பனை இப்படிப் பழக்கும் ஒருவரிடம்தான் முதலில் விட்டோம். மூன்றே வகுப்பு. அப்புறம் இரண்டு மாதம், ஆணியில் தொங்கும் கயிற்றை நான் தொட்டாலே காதை மடக்கிக்கொண்டு கட்டிலுக்கு அடியில் போய்விடுவான்.

இப்போது அவனை ராலி என்ற, நாயும் ஆளும் சேர்ந்து நடக்கும் போட்டிக்குத் தயார் செய்கிறேன். வழி நெடுகப் பலகைகள் இருக்கும். நின்று உட்கார வை, படுக்க வை, 270 பாகை திரும்பு, கூம்புகளுக்கு நடுவே வளைந்து நட என்று ஒவ்வொன்றிலும் ஒரு வேலை. நாய் நம் இடதுபக்கம் ஒட்டியே வரவேண்டும். பழைய கீழ்ப்படிதல் போட்டிகளில் கட்டளைக்கு மேல் பேசக் கூடாது. ராலியில் வழியெல்லாம் கொஞ்சிக்கொண்டே போகலாம். பட் கிராமர் என்பவர் உருவாக்கிய இந்த ஆட்டத்தை அமெரிக்கன் கென்னல் கிளப் என்ற நாய்ப் போட்டி அமைப்பு 2005இல் பட்டம் தரும் போட்டியாகச் சேர்த்துக்கொண்டது. அவர்கள் கணக்கில் 100க்கு 70 எடுத்தால் தேர்ச்சி. கயிறு இறுகினால் மதிப்பெண் போகும், அதட்டினாலும் போகும். உங்கள் கட்டுரையாளர் சொன்ன முறையில் பழகிய நாயை அங்கே கூட்டிப்போனால் என்ன ஆகும், சொல்லுங்கள்.

உட்காரக் கற்றுக்கொடுக்க எனக்குத் தேவைப்பட்டது பட்டாணி அளவு கோழி ஈரல் துண்டுகள்தான். துண்டை அவன் மூக்குக்கு நேரே பிடித்து, மெல்ல நெற்றிக்கு மேலே பின்பக்கமாக நகர்த்தினேன். தலை மேலே போகப் போக இடுப்பு தானாகத் தாழ்ந்தது. பின்பகுதி தரையைத் தொட்ட அந்த நொடியில் "ஆமா!" என்று சொல்லி வாயில் கொடுத்தேன். அரை நிமிடம் தாமதித்திருந்தால் எழுந்து நின்றதற்குக் கூலி கொடுத்த மாதிரி ஆகியிருக்கும். அசைவு பழகின பிறகுதான் சொல்லையே சேர்த்தேன்.

அந்தச் சொல்லில்தான் வீட்டில் ஒரு சிக்கல். பேரப் பிள்ளைகள் "சிட்" என்பார்கள், மாமியார் "உக்காருடா கண்ணு" என்பார், நான் "உட்கார், உட்கார்" என்று மூன்று முறை சொல்வேன். மூன்றாவது தடவைதான் உட்காரவேண்டும் என்று அவன் புரிந்துகொண்டிருந்தான்! கடைசியில் எல்லோரும் "உக்கார்" என்று ஒரே ஒரு முறை சொல்வது என்று முடிவானது. பத்தே நாளில் சரியாகிவிட்டது.

இப்போது கொல்லையில் பெயிண்ட் டப்பாக்களில் அட்டைகளைச் சாய்த்து வைத்து நடக்கிறோம். எங்கள் இருவருக்கும் நடுவே கயிறு ஊஞ்சல் கயிறு போலத் தொய்ந்து கிடக்கும். கயிற்றை எடுத்தால் அவனே வாசலுக்கு ஓடி வருகிறான்.

அந்தக் கட்டுரை வந்த அதே இடத்தில், அதே அளவு எழுத்தில், இறுக்கும் சங்கிலி வேண்டாம் என்று தயவுசெய்து ஒரு மறுப்பு போடுங்கள். அதை நம்பி ஞாயிற்றுக்கிழமையே கடைக்குப் போய்ச் சங்கிலி வாங்கியவர்கள் இருப்பார்கள்.

இப்படிக்கு,
தமிழாசிரியை ஒருவர்,
சாட்ஸ்வொர்த், தென்னாப்பிரிக்கா