ஒற்றை வரியை நம்பும் தம்பிக்கு

அன்புள்ள தம்பிக்கு,

வகுப்பில் சொல்ல முப்பது பழமொழிகள் வேண்டும் என்று கேட்டிருந்தாய். எவ்வளவு விளக்கினாலும் மறுநாள் பிள்ளைகள் மனதில் நிற்பது ஒரே ஒரு வரிதான், அந்த வரியை நாமே பார்த்துக் கொடுத்துவிடலாமே என்பது உன் யோசனை. நல்ல யோசனைதான். ஆனாலும் பட்டியல் அனுப்பப் போவதில்லை. பழமொழிக்கா பஞ்சம்? 1874இல் பீட்டர் பெர்சிவல் வெளியிட்ட தொகுப்பிலேயே 6000க்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகள் இருக்கின்றன. எந்த வரியை எப்போது, யாரிடம் சொல்கிறோம் என்பதுதான் எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது. அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

'அடிமேல் அடி அடித்தால் அம்மியும் நகரும்' என்பதை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பார். பொருள் மனதில் ஏறும் முன்பே காதில் அடி விழுகிறது. அடுத்தடுத்து நான்கு சொற்கள் ஒரே எழுத்தில் தொடங்குகின்றன, ஐந்தாவது சொல்லில் அம்மி நகர்ந்தே விடுகிறது. 'விடாமுயற்சி தேவை' என்று ஆயிரம் முறை சொன்னாலும் இந்த வேலை நடக்காது.

நினைவைப் பற்றி ஆராய்ந்த ஆலன் பாட்லியும் அவருடைய கூட்டாளிகளும் 1975இல் ஒன்றைக் காட்டினார்கள். கேட்ட சொற்களை உடனே திருப்பிச் சொல்லச் சொன்னால், ஒருவரால் ஏறக்குறைய இரண்டு நொடியில் சொல்லக்கூடிய அளவைத்தான் பிசகாமல் சொல்ல முடிகிறது. நம் பழமொழிகளைச் சொல்லிப் பார்த்தால் எத்தனையோ வரிகள் அந்த அளவை ஒட்டியே முடிந்துவிடுகின்றன. எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் வாய்வழியாகவே அவற்றை இவ்வளவு தூரம் கொண்டுவந்து சேர்த்ததற்கு இந்த அளவும் ஒரு காரணமாக இருக்கும் என்று நினைக்கிறேன்.

ஆனால் சுருக்கம் மட்டும் போதாது. தொல்காப்பியச் செய்யுளியலில் முதுமொழிக்கு இலக்கணம் சொல்லும் இடத்தைப் பார். நுண்மை, சுருக்கம், ஒளி என்று அதன் குணங்களை அடுக்கிவிட்டு, குறித்த ஒரு பொருளை முடித்து வைப்பதற்காக வருவது அது என்கிறது. எனக்கு மிகவும் பிடித்தது இந்தக் கடைசிப் பகுதிதான். பழமொழிக்கு ஒரு வேலை இருக்கிறது. அந்த வேலை வரும் நேரத்தில் அது நாவுக்கு வர வேண்டும். சுவரில் மாட்டி வைத்த வாசகம் நாலாம் நாளே கண்ணில் படாமல் போவது இதனால்தான். அதற்கு அங்கே வேலையே இல்லை.

வேலை இருக்கும் வரி எப்படி இருக்கும் என்பதற்கு ஓர் உதாரணம். உடையில் தீப்பிடித்தால் என்ன செய்ய வேண்டும் என்று பல நாடுகளில் சிறு பிள்ளைகளுக்கு மூன்றே சொற்களில் சொல்லித் தருகிறார்கள்: நில், விழு, உருள். தீப்பிடித்தவருக்கு ஓடத்தான் தோன்றும். ஓடினால் காற்றுப் பட்டுத் தீ இன்னும் வளரும். நின்று, தரையில் விழுந்து, உருண்டால் தீ அணைய வழியுண்டு. இந்தக் காரணத்தையெல்லாம் நெருப்புக்கு நடுவில் யோசிக்க முடியுமா? விமானிகளுக்கும் இப்படி ஒன்று உண்டு. முதலில் விமானத்தைப் பறக்க வை, அப்புறம் வழியைப் பார், அதற்குப் பிறகு பேசு என்பது அதன் சாரம். ஆங்கிலத்தில் அதுவும் மூன்றே சொற்கள்தான். கோளாறு வந்து எல்லாமே ஒரே நேரத்தில் கத்தும்போது எதை முதலில் செய்வது என்ற குழப்பத்தை அந்த வரி தீர்த்துவிடுகிறது.

இவ்வளவு பெரிய ஆபத்துதான் வர வேண்டும் என்றில்லை. வினாத்தாளைப் பார்த்ததும் படித்ததெல்லாம் மறந்து கை நடுங்கும் பிள்ளைக்கும் அந்த நிமிடத்தில் நீ பக்கத்தில் இருக்க மாட்டாய். 'பதறாத காரியம் சிதறாது' என்ற வரி அவளோடு இருக்கலாம். ஆனால் அது அன்றைக்கு உதவ வேண்டுமானால், அவள் பதறாத நாட்களிலேயே பலமுறை சொல்லிப் பழகியிருக்க வேண்டும். உன் வகுப்பு அதற்கான இடம்.

சரி, இப்போது நான் உண்மையில் கவலைப்படும் விஷயத்துக்கு வருகிறேன். 'பதறாத காரியம் சிதறாது' என்பதற்குப் பக்கத்தில் 'அடியாத மாடு படியாது' என்பதை வைத்துப் பார். ஒரே கட்டு, ஒரே ஓசை. முதல் வரி கை நடுங்கும் பிள்ளையைத் தேற்றும். இரண்டாவது வரி எத்தனை பிள்ளைகளின் முதுகில் பிரம்பாக இறங்கியிருக்கிறது! இந்தியாவில் 2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம், 17ஆம் பிரிவில், பள்ளியில் பிள்ளைகளை அடிப்பதையும் மனம் நோகச் செய்வதையும் தடை செய்துவிட்டது. ஆனாலும் அந்தப் பழமொழி ஓய்வு பெறவில்லை. ஆசிரியர் சொல்கிறார், பெற்றோரே வந்து 'நல்லா போடுங்க சார், அடியாத மாடு படியாது' என்கிறார்கள். அடித்தால் பிள்ளை படிக்குமா என்ற கேள்வியை யாரும் கேட்பதில்லை. ஓசை அதற்குப் பதில் சொல்லி முடித்துவிடுகிறது.

இது நம்மவர்களின் பழக்கம் மட்டுமில்லை. 2000ஆம் ஆண்டில் மேத்யூ மக்லோன் என்ற ஆய்வாளர் தன் சக ஆய்வாளரோடு சேர்ந்து வெளியிட்ட ஆய்வில், பலரும் அறியாத ஆங்கிலப் பழமொழிகளை இரண்டு வடிவங்களில் கொடுத்துப் பார்த்தார்கள். பொருள் ஒன்றுதான், ஒரு வடிவத்தில் ஓசை இயைந்து வரும், மற்றதில் வராது. இயைந்து வந்த வரிகளைத்தான் மக்கள் அதிக உண்மையானவை என்று மதிப்பிட்டார்கள். ஓசையை ஒதுக்கிவிட்டுப் பொருளை மட்டும் பாருங்கள் என்று முன்கூட்டியே சொன்னபோது அந்த வித்தியாசம் குறைந்தது. எனக்கு இதில் பெரிய நம்பிக்கை இருக்கிறது. ஒரு வார்த்தை எச்சரித்தாலே மனிதர்கள் விழித்துக்கொள்கிறார்கள் என்றால், உன் வகுப்புப் பிள்ளைகளால் முடியாதா?

இன்னொன்றும் கவனித்திருப்பாய். ஒரே வரியைத் தனக்குச் சொல்லிக்கொள்வதும் அடுத்தவரிடம் சொல்வதும் ஒன்றல்ல. 'எல்லாம் நன்மைக்கே' என்று நொந்துபோன ஒருவர் தனக்குத் தானே சொல்லிக்கொண்டால் அது அவருக்குப் பிடிமானம். அவரிடம் வந்து இன்னொருவர் சொன்னால், 'உன் துக்கத்தைப் பற்றிப் பேசியது போதும்' என்றுதான் காதில் விழும். 'ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா' என்பதும் அப்படித்தான். சின்ன வயதிலேயே கற்க வேண்டும் என்று பிள்ளையிடம் சொல்லலாம். ஐம்பது வயதில் ஆசையோடு புதிதாக ஒன்றைக் கற்க வந்தவரிடம் சொன்னால் அது கொடுமை. தயவுசெய்து உன் வகுப்பில் பின்தங்கிய பிள்ளையைப் பார்த்து எந்தப் பழமொழியையும் சொல்லாதேடா. அந்தப் பிள்ளை அதைத் தன் பெயர் போல வாழ்நாள் முழுக்கச் சுமக்கும்.

அதனால் நான் சொல்வது இதுதான்: முப்பது வேண்டாம், இரண்டில் தொடங்கு. ஒன்றோடொன்று மோதும் இரண்டாக எடு. ஒன்று 'காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்', மற்றது 'பொறுத்தார் பூமி ஆள்வார்'. எது சரி என்று கேட்காதே. ஒரு சூழ்நிலையைச் சொல்லி, இங்கே எது பொருந்தும் என்று கேள். தோழி கோபத்தில் திட்டிவிட்டாள், உடனே போய்ப் பேசலாமா, இரண்டு நாள் விடலாமா? பாதிப் பேர் இந்தப் பக்கம், பாதிப் பேர் அந்தப் பக்கம் நிற்பார்கள். நிற்கட்டும். காரணம் சொல்ல வை. பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள் என்பதை மட்டும் காரணமாக ஏற்காதே. 'அடியாத மாடு' பற்றியும் ஒருநாள் பேச விடு. அடிபட்ட பிள்ளைகள் என்ன சொல்கிறார்கள் என்று நீயும் கேட்டுக்கொள்.

அப்புறம், அவர்களையே வரிகளை உருவாக்கச் சொல். ஒரே மூச்சில் சொல்லி முடிய வேண்டும், யாரையும் குத்தக் கூடாது, பயமோ கோபமோ வரும்போது தனக்குத் தானே சொல்லிக்கொள்ள உதவ வேண்டும். இவ்வளவுதான் நிபந்தனை. எதுகை மோனையை நீ சொல்லித் தர வேண்டியதே இருக்காது, விளையாட்டுப் பாட்டுகளில் ஊறிய காதுகள் அவை. எழுதியதும் உடனே திருத்தாதே. ஒரு வாரம் கழித்து, அந்த வரி யாருக்காவது எங்காவது கைகொடுத்ததா என்று கேட்டுப் பார். கைகொடுத்த வரிகளையும், எங்கே கைகொடுத்தன என்பதையும் எனக்கு எழுதி அனுப்பு.

அன்புடன்,
அக்கா