உன் புத்தகப் பெட்டியைத் திறந்தேன்

அன்புள்ள பாப்பாவுக்கு அம்மா எழுதுவது.

இங்கே எல்லோரும் நலம். சின்னவனுக்கு பகல் ஷிஃப்ட் மாற்றிக் கொடுத்துவிட்டார்கள். அத்தை விஷயம் உனக்குத் தெரிந்ததுதான், அப்படியே இருக்கிறது. போனில் பேசலாம் என்றால் நீ எடுப்பதில்லை. எடுத்தாலும் "மீட்டிங்கில் இருக்கிறேன் அம்மா, அப்புறம் பேசுகிறேன்" என்கிறாய். போன ஞாயிற்றுக்கிழமைகூட அப்படித்தான் சொன்னாய். அதனால்தான் எழுத உட்கார்ந்தேன். கடிதம் என்றால் உனக்கு எப்போது தோன்றுகிறதோ அப்போது படிக்கலாம்.

வேளைக்குச் சாப்பிடுகிறாயா? காலையில் வெறும் காபி குடித்துவிட்டு ஓடாதே. உனக்கு அல்சர் வந்தபோது ஸ்டான்லியில் டாக்டர் சொன்னது ஞாபகம் இருக்கட்டும்.

நார்த்தங்காய் ஊறுகாயும் பருப்புப் பொடியும் உன் ஆபீஸ் விலாசத்துக்கு கொரியரில் அனுப்பியிருந்தேன். பார்சல் திரும்பி வந்துவிட்டது. விலாசத்தில் ஏதோ சரியில்லை என்று கொரியர் பையன் சொன்னான். பரவாயில்லை, ஊறுகாய் கெடாது. நீ வரும்போது எடுத்துக்கொண்டு போகலாம்.

பரணில் இருந்த உன் புத்தகப் பெட்டியை இறக்கினேன். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் அடித்து நம் தெருவுக்குள் தண்ணீர் வந்தபோது, துணிமணியைக்கூட விட்டுவிட்டு நீ முதலில் மேலே ஏற்றிய பெட்டி. பக்கத்து வீடுகளில் சர்டிபிகேட் எல்லாம் நனைந்து காய வைத்தார்கள். உன் பெட்டியில் ஒரு தாள் நனையவில்லை. எவ்வளவு பொறுப்பான பெண் என்று மாடி வீட்டு அக்கா இன்றைக்கும் சொல்வார். உன் நீல டைரியும் அதற்குள் இருந்தது. அதை நான் திறக்கவில்லை. பீரோவில் அப்பாவின் வாட்ச் பக்கத்தில் வைத்துப் பூட்டிவிட்டேன். சாவி வழக்கமான இடத்தில்தான் இருக்கிறது. புத்தகங்களை மட்டும் படித்தேன். கோபித்துக்கொள்ளாதே.

வைகாசி முகூர்த்தத்துக்கு பிளவுஸ் தையல் குவிந்து கிடக்கிறது. ஆனாலும் எட்டு மணிக்கு மிஷினை மூடிவிட்டுப் படிக்க உட்கார்ந்துவிடுகிறேன். முதலில் எடுத்தது டோட்டோ-சான். ஆறாம் வகுப்பில் பேச்சுப் போட்டியில் உனக்குக் கிடைத்த பரிசு. பழைய ரயில் பெட்டிகள் ஆறு, அதுதான் பள்ளிக்கூடம் என்று நீ சத்தமாகப் படித்துக் காட்டியபோது, சக்கரத்தைக் கழற்றி வைத்தார்களா, அப்படியேவா என்று அப்பா கேட்டாரே. ரயில் பெட்டி பழுதுபார்க்கிற கேரேஜ் ஒர்க்ஸ் ஆளுக்கு வேறு என்ன தோன்றும்! எனக்கு அன்றைக்கு அடுப்பு வேலை, சரியாகக் காதில் விழவில்லை. இப்போதுதான் முழுசாகப் படித்தேன். டோக்கியோவில் இருந்த அந்தப் பள்ளிக்கூடம் 1945-ல் போர் விமானங்கள் போட்ட குண்டில் எரிந்து போனது. அங்கே படித்த டெட்சுகோ குரோயானாகி பெரியவளாகி எழுதிய புத்தகம் 1981-ல் வந்திருக்கிறது. எத்தனை வருஷம் மனசிலேயே வைத்திருந்தாள் பார்.

அதில் எனக்கு ரொம்பப் பிடித்தது டோட்டோ-சானின் அம்மாதான். முதலில் சேர்த்த பள்ளிக்கூடத்தில் அந்தக் குழந்தையை வேண்டாம் என்று அனுப்பிவிடுகிறார்கள். அம்மா அதைக் குழந்தையிடம் சொல்லவே இல்லை. கையைப் பிடித்து வேறு பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிக்கொண்டு போகிறாள். இருபது வயது தாண்டிய பிறகுதான் நடந்ததைச் சொல்கிறாள். புதுப் பள்ளிக்கூடத்து ஹெட்மாஸ்டர் கோபயாஷி, அந்த வாண்டு பேசப் பேச நாலு மணி நேரம் உட்கார்ந்து கேட்கிறார். நீ இங்கே வந்து ஒரு நாள் முழுக்கப் பேசினாலும் நான் மிஷினைத் தொடமாட்டேன்.

நீ பென்சிலால் கோடு போட்ட இடங்களை எல்லாம் பார்த்தேன். அப்புறம் எனக்கு முக்கியம் என்று பட்ட இடத்தில் நானும் தையல் சாக்கால் லேசாக ஒரு கோடு இழுத்து வைத்தேன். தட்டினால் போய்விடும். பல இடங்களில் உன் கோடும் என் கோடும் சேரவில்லை, பாப்பா. அதைத்தான் எழுத நினைத்தேன்.

கலாம் ஐயாவின் கதையை எடுத்துக்கொள். விமானப் படைக்கு டேராடூனில் நடந்த தேர்வில் 25 பேரில் ஒன்பதாவதாக வருகிறார், 8 பேரைத்தான் எடுக்கிறார்கள். அந்தப் பக்கத்தைச் சுற்றி நீ கட்டமே போட்டிருக்கிறாய். ப்ளஸ் டூ முடித்து, கவுன்சிலிங்கில் கேட்ட இடம் கிடைக்காத சமயம் என்று நினைக்கிறேன். அன்றைக்கு நீ ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. என் மகள் எவ்வளவு தைரியசாலி என்று ஊரெல்லாம் சொன்னேன். சரி, கட்டம் போட்டாயே, அடுத்து என்ன நடக்கிறது என்பதற்கு ஏன் கோடு போடவில்லை? அவர் நேராக ரிஷிகேசம் போகிறார், சிவானந்த சுவாமியைப் பார்க்கிறார், மனசில் இருப்பதைச் சொல்கிறார். அதற்கும் முன்னால், குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் இடம் கிடைத்தும் கட்டப் பணம் இல்லாதபோது அக்கா ஜோகரா தன் வளையலையும் சங்கிலியையும் அடகு வைத்துக் கொடுக்கிறார். அங்கேயும் உன் கோடு இல்லை. நான் போட்டிருக்கிறேன்.

வியன்னா டாக்டர் விக்டர் ஃபிராங்கலின் புத்தகம் தமிழில் இருந்ததால் பிழைத்தேன். ஹிட்லரின் முகாம்களில் அடைபட்டு வெளியே வந்து, அடுத்த வருஷமே, 1946-ல் எழுதி வெளியிட்டது. அப்பா, அம்மா, அண்ணன், மனைவி என்று நாலு பேரை இழந்தவர். எப்படித் தாங்கினார் என்று அவர் சொல்லும் வரிகளில் எல்லாம் உன் பென்சில் ஓடியிருக்கிறது. விடியாத இருட்டில், பனிக்கட்டி மேல் வேலைக்கு நடத்திக்கொண்டு போகும்போது அவர் மனசுக்குள் மனைவியோடு பேசிக்கொண்டே நடக்கிறாரே, அங்கே ஒன்றும் இல்லை. அவள் உயிரோடு இருக்கிறாளா என்றுகூட அவருக்குத் தெரியாது. இருந்தும் பேசிக்கொண்டு நடக்கிறார். எனக்கு அந்த இடத்தில் அழுகை வந்துவிட்டது.

அப்புறம், நீ பெங்களூரு போன பிறகு வாங்கி இங்கே விட்டுப் போன இங்கிலீஷ் புத்தகங்கள். உன்னை நீயே கண்டுபிடி, காலையில் சீக்கிரம் எழு, விழுந்தால் எழு என்று சொல்கிற வகை. மாடி வீட்டு அக்கா மகள் காலேஜ் விட்டு வந்து அர்த்தம் சொன்னாள். நல்லதும் இருக்கிறது, இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் ஒரு புத்தகத்தில், தன் கஷ்டத்தைத் தானே சுமக்க வேண்டும், அடுத்தவருக்குப் பாரமாகக் கூடாது என்கிற மாதிரி ஒரு பத்தி வருகிறது. அதன் கீழே இரண்டு கோடு, ஓரத்தில் ஒரு நட்சத்திரம். அந்தப் பெண் அர்த்தம் சொல்லி முடித்ததும் எனக்கு அன்றைக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அப்படி எழுதியவர் எந்த வீட்டில் வளர்ந்தார் என்று எனக்குத் தெரியாது. நம் வீட்டில் யாரும் யாருக்கும் பாரமாக இருந்ததில்லை. அப்பா படுத்த படுக்கையாக இருந்த எட்டு மாதம் நீ லீவு போட்டுவிட்டு வந்து பார்த்துக்கொண்டாயே, அவர் உனக்குப் பாரமா?

அப்பா முப்பது வருஷத்துக்கு மேல் செய்த வேலை உனக்குத் தெரியும். ஓவர்ஹாலுக்கு வரும் பெட்டியின் பாடியைத் தூக்கி, அடியில் சக்கரங்கள் மாட்டிய போகியைக் கழற்றி, ஸ்பிரிங், பிரேக் எல்லாம் பார்த்து மறுபடி தண்டவாளத்தில் ஏற்றுவார்கள். உள்ளே வந்த பெட்டியை ஒர்க்ஸில் யாரும் உதவாத பெட்டி என்று சொன்னதில்லை. ஓடினதால்தானே வந்திருக்கிறது என்பார் அப்பா. எத்தனை பேர் கை அதில் படும் என்றும் சொல்வார்.

கிளை நூலகத்தில் உறுப்பினராகிவிட்டேன். அங்கே இருக்கும் அம்மா பாமாவின் 'கருக்கு' எடுத்துக் கொடுத்தார். 1992-ல் வந்த புத்தகம். கன்னியர் மடத்தில் சேர்ந்து, மனசு ஒப்பாமல் வெளியே வந்த பிறகு எழுதியது. வெளியே வந்தவருக்குக் கையில் வேலை இல்லை, அடுத்து என்ன என்றும் தெரியவில்லை. ஆனாலும் உட்கார்ந்து எழுதியிருக்கிறார். மனசுக்கு ஒவ்வாத இடத்தை விட்டு வருவதில் ஒரு குற்றமும் இல்லை என்று அதைப் படித்ததும் எனக்குத் தோன்றியது. சும்மா சொல்லி வைக்கிறேன்.

ஆன் ஃபிராங்க் டைரியைக் கடைசியில்தான் எடுத்தேன். பதிமூன்று வயதுப் பெண், 1942 ஜூலையிலிருந்து 1944 ஆகஸ்ட் வரை ஹிட்லரின் ஆட்களுக்குப் பயந்து ஆம்ஸ்டர்டாமில் ஒளிந்திருந்த வீட்டுக்குள் எழுதியது. அங்கே இருந்த எட்டுப் பேரில் அவள் அப்பா ஓட்டோ மட்டும்தான் பிழைத்து வந்தார். அவர்தான் அதை 1947-ல் புத்தகமாக்கினார். டைரியைப் படித்த பிறகுதான் தன் மகள் மனசில் என்னென்ன ஓடியது என்று அவருக்குத் தெரிந்ததாம். அத்தனை நாள் ஒரே கூரைக்குள் இருந்தும் தெரியவில்லை என்று பின்னால் சொல்லியிருக்கிறார். பாப்பா, எனக்கு அந்தக் கதி வேண்டாம். உன் நீல டைரி பீரோவிலேயே இருக்கட்டும். எனக்குத் தெரிய வேண்டியது எதுவானாலும் உன் வாயால்தான் தெரிய வேண்டும். நீ திட்டிக்கொண்டு சொன்னாலும் சரி, பாதி சொல்லி பாதி விட்டாலும் சரி. ராத்திரி ரெண்டு மணிக்குக் கூப்பிட்டாலும் எடுப்பேன். போன் தலைமாட்டில்தான் இருக்கிறது.

பொங்கலுக்கு வந்தவள். ஆறு மணி நேரப் பயணம், ஐந்து மாதமாகப் போகிறது. உன் வயசில் எனக்கு நீ கையில், சின்னவன் வயிற்றில். ஆனாலும் அம்மா வீட்டுக்குப் போகாமல் இருந்ததில்லை. சரி, விடு.

மீன்பிடித் தடைக்காலம் ஜூன் 14-ம் தேதி முடிகிறது. அப்புறம் போட்டெல்லாம் கடலுக்குப் போகும், காசிமேட்டில் நல்ல வஞ்சிரம் வரும். அதற்குள் வரத் தோன்றினால் இன்னும் நல்லது, நெத்திலி இப்போதும் கிடைக்கிறது. சென்ட்ரல் வரை போகாதே, பெரம்பூரில் நிற்கும் ரயிலாகப் பார்த்து ஏறு. சின்னவன் ஸ்டேஷனுக்கு வருவான். அவனிடமும் உன்னை எதுவும் கேட்கக்கூடாது என்று சொல்லி வைத்திருக்கிறேன். லீவு எத்தனை நாள் என்று நானும் கேட்கமாட்டேன். துணி மட்டும் கொஞ்சம் அதிகமாகவே எடுத்து வா.

ஹாஸ்டல் வாடகைக்கு என்று கொஞ்சம் பணம் சின்னவன் போனிலிருந்து போட்டிருக்கிறேன். திருப்பி அனுப்பாதே. காலையில் ஏதாவது சாப்பிட்டுவிட்டு காபி குடி.

அம்மா