பட்டா இல்லாத வீட்டுக்கும் விளக்கு வேண்டும்

அன்புள்ள சுந்தரம்,

இங்கே அனைவரும் நலம். கோமதியின் முழங்கால் வலி குறைந்திருக்கிறது. மாணிக்கம் அண்ணன் இன்னும் அந்தப் பழைய வரப்பு வழக்கைத்தான் பார்ப்பவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறார். பல மாதங்களாக எழுதாமல் இருந்த என்னை இன்று எழுத வைத்தது ஒரு விண்ணப்பம். ஓய்வு பெற்றாலும் நீ மின்வாரியத்துக்காரன்தானே, கேட்டுத்தான் ஆக வேண்டும்.

ஊர்க் கோடியில் மேய்க்கால் புறம்போக்கில், அதாவது மாடு மேய்க்க ஒதுக்கிய அரசு நிலத்தில், குடியிருக்கும் இருளர் குடும்பங்களை நீ பார்த்திருக்கிறாய். அவர்கள் கொடுத்த மின் இணைப்பு விண்ணப்பம் மறுபடியும் திரும்பி வந்துவிட்டது. குடும்ப அட்டை, வாக்காளர் அட்டை, ஊராட்சிக்குக் கட்டிய வீட்டு வரி ரசீது எல்லாம் அந்த இடத்து முகவரியிலேயே இருக்கின்றன. ஆனாலும் பட்டா கொண்டுவா, இல்லையென்றால் தடையின்மைச் சான்று கொண்டுவா என்கிறார்கள். சான்று கேட்டு வருவாய்த் துறைக்குப் போனால், புறம்போக்குக்குச் சான்று தர முடியாது என்கிறார்கள். வரி வாங்கும்போது வீடாக இருந்தது, விளக்கு கேட்கும்போது ஆக்கிரமிப்பாகிவிடுகிறது.

2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 43ஆம் பிரிவைப் படித்துப் பார்த்தேன். உரிமையாளர் மட்டுமல்ல, குடியிருப்பவர் கேட்டாலும் விண்ணப்பம் கிடைத்த ஒரு மாதத்துக்குள் மின்சாரம் தர வேண்டும், தவறினால் நாளொன்றுக்கு 1000 ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம் என்று அதில் இருக்கிறது. நிலம் தன் பெயரில் இல்லாதவர், பின்னால் இழப்பு வந்தால் நானே பொறுப்பு என்று ஈட்டுறுதிப் பத்திரம் எழுதிக் கொடுத்து இணைப்புப் பெற நம் மாநில விதிகளிலேயே வழி இருப்பது உனக்கே தெரியும். திருவண்ணாமலை மாவட்டத்தில் அரசு நிலத்தில் குடியிருந்தவர்களின் வழக்கில் 2013இல் சென்னை உயர் நீதிமன்றம், மின்சாரம் இல்லாமை படிப்பையும் உடல்நலத்தையும் பாதித்து ஏற்றத்தாழ்வை வளர்க்கிறது என்று தெளிவாகச் சொன்னது. விண்ணப்பதாரர் அந்த இடத்தில் குடியிருக்கிறாரா என்பதைத்தான் பார்க்க வேண்டும் என்று 2022இல் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. அது வாடகைதாரர் வழக்கு என்று நீ உடனே மடக்குவாய். ஆனால் அதன் நியாயம் இவர்களுக்குப் பொருந்தாது என்று எப்படிச் சொல்வாய்?

அதிகாரிகளின் அச்சமும் எனக்குப் புரிகிறது. இன்று மின் அட்டை கொடுத்தால் நாளை அதையே காட்டி நிலம் கேட்பார்கள் என்று நினைக்கிறார்கள். அகமதாபாத் சேரிகளில் இதே சிக்கலுக்கு வழி கண்டார்கள். சுயதொழில் செய்யும் பெண்களின் சங்கமான சேவா அமைப்பின் பெண்களும் அங்குள்ள மின் நிறுவனமும் மாநகராட்சியும் சேர்ந்து பேசி, இந்த இணைப்பு நில உரிமைக்குச் சான்றாகாது என்று எழுதி வாங்கிக்கொண்டு வீடு வீடாக மீட்டர் வைத்தார்கள். நிலத்தின் கேள்வியை நிலத்தின் இடத்திலேயே விட்டுவிட்டு விளக்கை மட்டும் கொடுத்துவிட்ட அந்த ஏற்பாடு எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது, சுந்தரம். இங்கேயும் அப்படி எழுதிக் கொடுக்க அந்தக் குடும்பங்கள் தயாராக இருக்கின்றன.

இணைப்பு இல்லையென்றால் மின்சாரமே இல்லை என்று எண்ணாதே. பக்கத்து வீட்டிலிருந்து ஒயர் இழுத்து, விளக்குக்கு இவ்வளவு என்று மாதாமாதம் கேட்ட பணத்தைக் கொடுக்கிறார்கள். இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம் என்று 2016இல் வந்த சலுகை மீட்டர் உள்ளவனுக்குத்தான். மிகவும் ஏழையானவன் இன்னும் விலை கொடுக்கிறான். கம்பியில் கொக்கி போட்டுத் திருடினால் அதே மின்சாரச் சட்டத்தின் 135ஆம் பிரிவின்படி மூன்று ஆண்டு வரை சிறை. மழைக்காலத்தில் ஓலைக் கூரையைத் தொட்டுக்கொண்டு கிடக்கும் அந்த ஒயர்களைப் பார்த்தால் எனக்கு நடுக்கமாக இருக்கிறது. அவற்றின் கீழேதான் பிள்ளைகள் தூங்குகிறார்கள்.

ஆகவே உன்னிடம் கேட்பது இதுதான். ஈட்டுறுதிப் பத்திரத்தைச் சரியான வாசகத்தோடு நீயே எழுதிக் கொடு. விண்ணப்பத்தை மீண்டும் மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேட்கும் கடிதத்தையும், மின் நுகர்வோர் குறைதீர் மன்றத்துக்குப் போகும் மனுவையும் சேர்த்து அனுப்பு. பொங்கலுக்கு வருவதாகச் சொன்னாய். அதுவரை காத்திருக்க வேண்டாம், தபாலிலேயே அனுப்பிவிடு.

அன்புடன்,
ராஜாராமன்