கேன் தண்ணீர் கொண்டுவந்த தம்பிக்கும், மற்ற எல்லோருக்கும்

அன்புள்ளவர்களுக்கு,

மிக்ஜாம் புயலன்று வேளச்சேரியில் என் கீழ்த்தளத்து அறைக்கு என்ன ஆயிற்று என்று உங்களுக்குத் தெரியும். அதை மறுபடி எழுத எனக்குத் தெம்பில்லை. அங்கே இருந்த என் ஆவணப்பட நாடாக்களில் பெரும்பகுதி பிழைத்துவிட்டது. நேற்றிரவுதான் உறுதியானது. கை இன்னும் நடுங்குகிறது.

இடுப்பளவு தண்ணீரில் பெட்டிகளைத் தலையில் சுமந்து மாடியேற்றிய எதிர்வீட்டு மாணவர்களுக்கும், குட்டி ஸ்க்ரூடிரைவர்களை அப்படியே தூக்கிக் கொடுத்த செல்போன் கடைக்காரருக்கும், நாடா உலர்த்தத் தன் கூடம் முழுக்கக் கொடி கட்டிக்கொள்ள விட்ட மாடிவீட்டு மாமிக்கும், 16 எம்எம் ஃபிலிம் சுருள்களை வாளித் தண்ணீரோடு ஃபிலிம் லேபுக்குக் கொண்டுசேர்த்த டாக்சி ஓட்டுநருக்கும் நன்றி. பூனாவிலிருந்து இரவெல்லாம் தொலைபேசியில் கூடவே இருந்த நண்பருக்குத் தனி நன்றி. நனைந்த ஃபிலிமைக் காயவிட்டால் சுற்றுக்குச் சுற்று ஒட்டிக்கொண்டு பிரிக்கவே வராது, லேபுக்குப் போகும்வரை தண்ணீரிலேயே கிடக்கட்டும் என்றார். வீடியோ நாடாவுக்கு நேர்மாறு: நல்ல நீரில் அலசி, சூடு காட்டாமல் நிழலில் உலர்த்த வேண்டும்.

நல்ல நீருக்கு எங்கே போவது? தெருவே ஒரு குடம் குடிநீருக்கு வரிசையில் நிற்கிறது. நாடா கழுவ வேண்டும் என்று வாய்விட்டுக் கேட்க எனக்குக் கூச்சமாக இருந்தது.

அப்போதுதான் கேன் போடும் தம்பி படியேறி வந்தார். யாரிடம் கேள்விப்பட்டாரோ, தோளில் ஒரு கேன். "சீல் கிழிந்த கேன் அக்கா. குடிக்க யாருக்கும் கொடுக்க மாட்டேன், கழுவத் தாராளமாக ஆகும்" என்றார். அப்படிப்பட்டவை அவர் கிடங்கில் இன்னும் இருந்தனவாம். லிஃப்ட் ஓடாத கட்டடத்தில், 20 லிட்டர் கேன்களை ஒவ்வொன்றாகத் தூக்கி வந்தார்.

கொண்டுவந்ததோடு போகவும் இல்லை. நான் சொம்பில் மொண்டு ஊற்றுவதைச் சற்று நேரம் பார்த்தார். பிறகு ஒரு கேனை ஸ்டூலில் படுக்கவைத்து, வாயில் பிளாஸ்டிக் குழாயைப் பொருத்தி, நூல்போல ஒழுகும்படி திருகினார். சேறு மெல்லக் கரைந்து இறங்கியது, நாடா முறுக்கிக்கொள்ளவில்லை. எந்தக் கையேட்டிலும் இதை நான் படித்ததில்லை.

"இதில் பாட்டெல்லாம் இருக்கிறதா அக்கா?"

"இல்லை. நாகப்பட்டினத்தில் ஓர் அம்மா வலை பின்னுகிறார்."

"அவ்வளவு நேரமுமா?"

அவ்வளவு நேரமும்தான். அவருக்கு அது சரியாகப் படவில்லை என்று முகத்திலேயே தெரிந்தது. ஆனாலும் குழாயை இன்னும் கொஞ்சம் மூடினார்.

2005இல் எடுத்த காட்சி அது. கடல் கொண்டுபோனதை அந்த அம்மா சொல்லி முடித்துவிடுகிறார். விரல்கள் மட்டும் நிற்காமல் கண்ணி போடுகின்றன. பேச்சு முடிந்த பிறகு எதற்கு இவ்வளவு என்று தொலைக்காட்சிக்காரர்கள் வெட்டச் சொன்னார்கள். எனக்கோ என் தொழிலே அந்த "பிறகு"தான். ஃபிலிமில் படம்பிடித்த நாட்களில் அதற்கு வசதி இல்லை. 400 அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். விரல் எப்போதும் நிறுத்துவதற்கே தயாராக இருக்கும். ஒரு மணி நேரம் ஓடும் Mini DV வீடியோ நாடாவும் கைக்கடக்கமான சோனி பிடி150 வீடியோ கேமராவும் வந்த பிறகுதான், ஒருவர் மௌனமான பின்னும் காத்திருக்கும் துணிச்சல் வந்தது.

எங்கே கேமராவை வைப்பது என்பதை நான் நவ்ரோஸ் கான்ட்ராக்டரின் வேலையைப் பார்த்துத்தான் கற்றுக்கொண்டேன். தீபா தன்ராஜ் இயக்கி 1991இல் வந்த 'சம்திங் லைக் எ வார்' படத்துக்கு அவர்தான் ஒளிப்பதிவாளர். குடும்பக் கட்டுப்பாட்டின் பெயரால் பெண்களுக்கு நடந்ததைச் சொல்லும் படம். தரையில் உட்கார்ந்து தங்கள் உடலைப் பற்றிப் பேசும் பெண்களோடு கேமராவும் ஒரு ஆளாக அமர்ந்திருக்கும். மணி கவுல் இயக்கிய 'துவிதா' படத்தில் ஓவியம்போலச் சட்டமிட்ட அதே கண், இங்கே அழகைத் தேடாமல் அடங்கிப்போகிறது. அந்த அடக்கம் கைவருவது லேசில்லை. 2023 ஜூனில் ஓசூர் அருகே சாலை விபத்தில் அவர் போய்விட்டார். நாடாக்களை அலசும்போது அவர் நினைவு வந்துகொண்டே இருந்தது.

பிழைத்தவற்றை எண்மமாக்கி, பிரதிகளை வெவ்வேறு ஊர்களில் வைக்கப்போகிறேன். அதற்கு முன், தெரு கொஞ்சம் காய்ந்ததும், மொட்டைமாடியில் வேட்டியைத் திரையாகக் கட்டி அந்த வலை பின்னும் காட்சியை வெட்டாமல் முழுதாகப் போடுவேன். உதவிய எல்லோரும் வரவேண்டும். மாமி சுண்டல் செய்வதாகச் சொல்லியிருக்கிறார்.

தம்பி, நீங்களும் வந்துவிடுங்கள். எவ்வளவு சொல்லியும் பணம் வாங்காமல் போய்விட்டீர்கள். காலி கேன்கள் மாடிப்படிக்கு அடியில் இருக்கின்றன. கணக்கில் குறைகிறது என்று முதலாளி உங்கள் சம்பளத்தில் பிடித்துவிடப்போகிறார், சீக்கிரம் வந்து எடுத்துக்கொள்ளுங்கள்.