செயலாளர் ஆண்டறிக்கை 2025: ஒக்டோபர் மாதத்துக் கணக்கு

தலைவர் அவர்களே, நிர்வாக சபையினரே, அங்கத்தவர்களே, அனைவருக்கும் வணக்கம்.

ஸ்காபரோவில் உள்ள எமது தொடர்மாடித் தமிழ்ச் சங்கத்தின் 2025ஆம் ஆண்டுக்கான செயலாளர் அறிக்கையைச் சபையின் முன் வைக்கிறேன்.

பொங்கல் விழாவும் கோடைகால ஒன்றுகூடலும் வழமைபோல் நடந்தேறின. சிறுவர் தமிழ் வகுப்பு சனிக்கிழமைகளில் தொடர்கிறது. வரவு செலவு விபரத்தைப் பொருளாளர் தனியே வாசிப்பார். ஒழுங்காக நடந்த காரியங்களுக்கு நீண்ட அறிக்கை தேவையில்லை என்பதால் இவற்றை இத்துடன் விடுகிறேன்.

நிர்வாக சபையின் நித்திரையைக் கெடுத்தது ஒக்டோபர் மாதம்தான். 2024இல் தன் பிரிவில் கடைசியாக வந்த ரொறன்ரோ புளூ ஜேய்ஸ் அணி, 1993க்குப் பிறகு முதற்தடவையாக பேஸ்போலின் இறுதிக் கட்டமான உலகத் தொடருக்குப் போய், ஏழாவது ஆட்டத்தில் லொஸ் ஏஞ்சல்ஸ் டொட்ஜர்ஸிடம் கிண்ணத்தை இழந்தது. கீழ்த்தள மண்டபத்தில் திரை கட்டிச் சேர்ந்து பார்ப்பது என்று முடிவானது. துடுப்பாட்டத்தைத் தவிர வேறொன்றை விளையாட்டாக ஒத்துக்கொள்ளாத எங்கள் மூத்த ஐயாமாரும் முன்வரிசைக் கதிரைகளைப் பிடித்துக்கொண்டார்கள். அதன்பின் கேள்விகள் வரத் தொடங்கின. சில கடிதமாகவே வந்து கோவையில் உள்ளன. முதல் இரண்டு ஆட்டமும் தோற்றவர்கள் எப்படி இன்னும் நிற்கிறார்கள்? இன்று ஆட்டம் இருக்கலாம், இல்லாமலும் போகலாம் என்று சங்கம் அறிவித்தல் ஒட்டுவது பொறுப்பான செயலா? நாங்கள் கூடுதலாக ஓட்டம் எடுத்திருக்கக் கிண்ணம் ஏன் மற்றவர்களுக்குப் போனது? கடைசிக் கேள்வியை மின்தூக்கிக்குள் வைத்தும் என்னிடம் கேட்கிறார்கள். எல்லாருக்கும் பொதுவாக இங்கே பதில் பதிந்துவிடுகிறேன்.

மேஜர் லீக் என்ற பேஸ்போல் அமைப்பில் 30 அணிகள். எங்கள் அணி இருக்கும் அமெரிக்கன் லீக்கில் 15, டொட்ஜர்ஸ் இருக்கும் நாஷனல் லீக்கில் 15. ஒவ்வொன்றும் ஐந்து ஐந்து அணிகளாக மூன்று பிரிவு. ஒவ்வொரு அணியும் பருவம் முழுவதும் 162 ஆட்டம் ஆடுகிறது. அதன் முடிவில் ஒவ்வொரு லீக்கிலும் ஆறு அணிகள் மேலே போகின்றன: பிரிவில் முதல் வந்த மூன்றும், மீதியில் நன்றாக ஆடிய மூன்றும். பின்னைய மூன்றுக்கும் வைல்ட் கார்ட் என்று பெயர். பிரிவு வென்றவர்களுக்கு 1 முதல் 3 வரை தரவரிசை, வைல்ட் கார்ட் அணிகளுக்கு 4 முதல் 6 வரை. முதல் இரண்டு தரத்துக்கும் முதற்சுற்று இல்லை, ஓய்வு. மூன்றாவது அணி ஆறாவதுடனும், நாலாவது ஐந்தாவதுடனும் மோதும். 2022இலிருந்து இதுதான் முறை.

இந்த ஓய்வை ரொறன்ரோ பெற்ற விதம் கவனிக்கத்தக்கது. புளூ ஜேய்ஸும் நியூயோர்க் யாங்கீஸும் ஒரே பிரிவில் 94 வெற்றி, 68 தோல்வி என்று சமமாக நின்றார்கள். முன்பென்றால் 163ஆவதாக ஓர் ஆட்டம் வைத்துத் தீர்த்திருப்பார்கள். இப்போது அந்த ஆட்டம் இல்லை. பருவத்தில் இருவரும் நேருக்கு நேர் மோதியதைப் பார்க்கிறார்கள். அதில் ரொறன்ரோ 8, நியூயோர்க் 5. ஆகவே எங்களுக்கு லீக்கின் முதலிடமும் ஓய்வும். யாங்கீஸ் நாலாம் இடத்துக்கு இறங்கி, பொஸ்டனுடன் மூன்று ஆட்டமும் ஆடி முடித்துவிட்டே எங்களிடம் வந்தார்கள். நாஷனல் லீக்கில் இதே கணக்கு இன்னும் கடுமையாக வேலை செய்தது. சின்சினாட்டி ரெட்ஸும் நியூயோர்க் மெற்ஸும் 83 வெற்றியுடன் சமம். நேருக்கு நேர் 4-2 என்று முந்திய ரெட்ஸ் உள்ளே, மெற்ஸ் வீட்டுக்கு. ஏப்ரல் மாதத்து ஆட்டத்தை யாரும் பார்ப்பதில்லை என்று ஓர் அங்கத்தவர் சொல்வார். அவர் இதைக் குறித்துக்கொள்வாராக.

இனித் தொடர்களின் நீளம். முதற்சுற்று மூன்று ஆட்டத் தொடர், இரண்டு வென்றால் போதும். எல்லா ஆட்டமும் தரத்தில் மேலுள்ள அணியின் மைதானத்தில்தான். அடுத்தது ஐந்தில் மூன்று. லீக்கின் இறுதித் தொடரும், அதன் பின் இரண்டு லீக்கிலும் வென்றவர்கள் மோதும் உலகத் தொடரும் ஏழில் நாலு. டெஸ்ட் தொடரில் முடிவு தெரிந்த பிறகும் மிச்ச டெஸ்டுகளை ஆடுவார்கள். இங்கே அப்படி இல்லை. தேவையான வெற்றி கிடைத்த கணமே தொடர் முடிந்தது, மிச்ச ஆட்டங்கள் அட்டவணையிலிருந்து மறைந்துவிடும். அறிவித்தல் பலகையில் "தேவைப்பட்டால்" என்று எழுதியதை சங்கத்தின் அசட்டையாகக் கொள்ள வேண்டாம், லீக்கே அப்படித்தான் அறிவிக்கிறது. இம்முறை பருவத்தில் எல்லாரையும் விட அதிகமாக, 97 ஆட்டம் வென்ற மில்வாக்கி புரூவர்ஸை லீக்கின் இறுதித் தொடரில் டொட்ஜர்ஸ் நாலே ஆட்டத்தில் அனுப்பிவைத்தார்கள். நாங்கள் அதே கட்டத்தில் சியாற்றிலுடன் ஏழும் ஆடினோம்.

நீளம் எவ்வளவு பெரிய விடயம் என்பதற்கு ரொறன்ரோவின் சொந்தச் சரித்திரமே சாட்சி. 1903இல் நடந்த முதல் உலகத் தொடர் ஒன்பதில் ஐந்து. பொஸ்டன் 5-3 என்று பிற்ஸ்பேர்க்கை வென்றது. அடுத்த ஆண்டு நியூயோர்க் ஜயன்ற்ஸ் ஆட மறுத்ததால் தொடரே இல்லை. 1905இல் ஏழாகி, 1919 முதல் 1921 வரை மீண்டும் ஒன்பதாகி, பிறகு ஏழில் நிலைத்தது. லீக் இறுதித் தொடர் 1969இல்தான் வந்தது, அப்போது ஐந்தில் மூன்று. 1985இல் அதை ஏழாக்கினார்கள். அந்த முதல் ஆண்டிலேயே புளூ ஜேய்ஸ் கன்சாஸ் சிற்றி றோயல்ஸுக்கு எதிராக 3-1 என்று முன்னுக்கு நின்று, மிச்ச மூன்றையும் தோற்றது. பழைய முறையில் மூன்றாவது வெற்றியுடனேயே உலகத் தொடருக்குப் போயிருக்கும். ஓர் ஆண்டு பிந்தி அந்தத் திருத்தத்தைச் செய்திருந்தால் 1992 வரை இந்த நகரம் காத்திருக்கத் தேவையில்லை. கூட்டத்தில் விதியைத் திருத்தும்போது யார் இலாபமடைவார் என்று யாருக்கும் முன்கூட்டித் தெரியாது என்பதை எங்கள் யாப்புத் திருத்தக் குழுவும் அறியும்.

சொந்த மைதானச் சலுகை பற்றி. ஏழு ஆட்டத் தொடரில் முதல் இரண்டும் கடைசி இரண்டும் மேல்தர அணியின் ஊரில், நடுவில் மூன்று மற்றவர் ஊரில். ஒரு கரையிலிருந்து மறுகரைக்கு விமானம் ஏறும் நாடு என்பதால் பயணத்தைக் குறைக்க இந்த ஒழுங்கு. உலகத் தொடரில் பருவத்தில் கூடுதலாக வென்றவருக்குச் சலுகை. எங்களுக்கு 94, டொட்ஜர்ஸுக்கு 93. ஆனால் கவனியுங்கள், தொடர் ஐந்து ஆட்டத்தில் முடிந்தால் சலுகை இல்லாதவர் ஊரில்தான் கூடுதல் ஆட்டம் நடந்திருக்கும். இந்த முறை அது இன்னும் தலைகீழ். சியாற்றில் எங்கள் ஊரில் முதல் இரண்டையும் வென்றது, நாங்கள் அவர்கள் ஊரில் அடுத்த இரண்டையும் வென்றோம். உலகத் தொடரில் லொஸ் ஏஞ்சல்ஸில் மூன்றில் இரண்டு எங்களுக்கு; சொந்த மைதானத்தில் நாலில் ஒன்றுதான்.

சியாற்றிலுடனான ஏழாவது ஆட்டம் ஒக்டோபர் 20, தீபாவளி இரவு. மண்டபத்தில் பலகாரத் தட்டுகள் ஒருபுறம், திரை மறுபுறம். ஒன்பது இனிங்ஸ் ஆட்டத்தில் ஏழாவது இனிங்ஸ் வரை 1-3 என்று பின்னுக்கு நின்றோம். எங்கள் ஜோர்ஜ் ஸ்பிரிங்கர் பந்தை எல்லைக்கு வெளியே அனுப்பி, மூன்று ஓட்டத்துக்கான ஹோம் ரன் அடித்தபோது எழுந்த சத்தத்துக்குக் கட்டட அலுவலகத்திலிருந்து எச்சரிக்கைக் கடிதம் வந்தது. பதில் எழுதப்பட்டுள்ளது. அடுப்பில் எண்ணெய்ச் சட்டியை விட்டுவிட்டு ஓடிவந்த சகோதரி யார் என்பதை நிர்வாக சபை விசாரிக்கவில்லை.

வீரர் பட்டியல் ஒவ்வொரு தொடருக்கும் புதிதாகக் கொடுக்கப்படுகிறது, 26 பேர். முழங்கால் காயத்தால் முன்னைய இரண்டு தொடர்களிலும் இல்லாத போ பிஷெற் உலகத் தொடருக்குத் திரும்பியது இதனால்தான். ஆனால் தொடர் நடுவில் காயம் என்று ஒருவரை நீக்கி வேறொருவரை எடுத்தால், நீக்கப்பட்டவர் அடுத்த தொடரிலும் ஆட முடியாது. சியாற்றில் தொடரில் நீக்கப்பட்ட அந்தனி சன்டான்டருக்கு உலகத் தொடர் இல்லாமல் போனது. ஸ்பிரிங்கர் மூன்றாவது ஆட்டத்தில் காயப்பட்டபோது அவரை நீக்காமல் வைத்திருந்தார்கள். இரண்டு ஆட்டம் வெளியே இருந்து ஆறாவதில் வந்தார். பொய்க் காயம் காட்டி ஆள் மாற்றும் வித்தைக்கு இந்த விதி நல்ல பூட்டு. எங்கள் கரப்பந்தாட்டப் போட்டியிலும் இது வேண்டும் என்பது என் சொந்த அபிப்பிராயம்.

இனி அந்த ஓட்டக் கணக்கு. உலகத் தொடரின் ஏழு ஆட்டத்திலும் ரொறன்ரோ எடுத்தது 34, டொட்ஜர்ஸ் எடுத்தது 26. கணக்குச் சரி, முறைப்பாடு பிழை. தொடர் என்பது ஓட்டங்களைக் கூட்டும் இடமில்லை. ஒவ்வொரு ஆட்டமும் தனிப் புத்தகம், அன்றிரவே மூடப்படும், மிச்சம் அடுத்த பக்கத்துக்கு வராது. முதல் ஆட்டத்தை 11-4 என்று வென்றோம். அதில் அடிசன் பார்ஜர் பதில் ஆளாக வந்து அடித்த கிராண்ட் ஸ்லாம், அதாவது நாலு ஓட்டத்துக்கான ஹோம் ரன், உலகத் தொடரில் அவ்விதம் அடிக்கப்பட்ட முதலாவது. கிடைத்தது ஒரு வெற்றி. மூன்றாவது ஆட்டத்தை 5-6 என்று ஒரே ஓட்டத்தால் தோற்றோம். போனதும் ஒரு தோல்வி. நாலாவதும் ஐந்தாவதும் 6-2, 6-1. பிறகு 1-3, 4-5. நாங்கள் வாரி வென்று, நூலிழையில் தோற்றோம்.

அந்த மூன்றாவது ஆட்டம் 18 இனிங்ஸ், 6 மணி 39 நிமிடம். பருவ ஆட்டங்களில் மேலதிக இனிங்ஸில், ஓட்டத்துக்குப் பாதி வழியான இரண்டாவது பேஸில் ஓர் ஆளை இலவசமாக நிறுத்தி விரைவில் முடிப்பார்கள். இந்தக் கட்டத்தில் அந்தச் சலுகை கிடையாது, யாராவது வெல்லும் வரை ஆட்டம்தான். நள்ளிரவில் மண்டபம் பூட்டப்பட, மிச்சப்பேர் பொருளாளர் வீட்டுக்குக் குடிபெயர்ந்தார்கள். டொட்ஜர்ஸின் பிரெடி பிறீமன் அடித்து முடித்தபோது எங்கள் நேரம் மூன்று மணியை நெருங்கியிருந்தது. அதுவரை பிளேன்ரீ ஊற்றிக்கொண்டிருந்த பொருளாளரின் துணைவியாருக்குச் சங்கம் கடமைப்பட்டுள்ளது.

நீண்ட தொடர் உண்மையில் சோதிப்பது பந்து எறியும் பிச்சர்களின் கையைத்தான். எங்கள் பக்கம் யெசவேஜ், கோஸ்மன், ஷேர்சர், பீபர் என்று நாலு பேர் முறைவைத்துத் தொடங்கினார்கள். ஐந்தாவது ஆட்டத்தில் யெசவேஜ் 12 பேரை ஸ்ட்ரைக் அவுட்டில், அதாவது பந்தை அடிக்கவிடாமலே, வெளியேற்றியது உலகத் தொடரில் புதுமுகம் ஒருவரின் சாதனை. டொட்ஜர்ஸின் யமமோட்டோ இரண்டாவது ஆட்டத்தை முழுக்கத் தானே எறிந்தார். ஆறாவதில் 96 பந்து. அடுத்த நாளே ஏழாவது ஆட்டத்தின் கடைசிக் கட்டத்தில் மீண்டும் வந்து முடித்தார். மூன்று வெற்றி ஒருவருடைய கையில். இரண்டு வெளியேற்றம் மட்டுமே மிச்சமாக இருந்த ஒன்பதாவது இனிங்ஸில் டொட்ஜர்ஸின் றோஹாஸ் அடித்துச் சமப்படுத்தியதும், பதினோராவதில் அவர்களின் வில் ஸ்மித் அடித்ததும் எல்லாருக்கும் நினைவிருக்கும். அதை நான் விரிக்கப் போவதில்லை. என் தீர்ப்பு இது: நாங்கள் கூட்டாக நல்ல அணி, அவர்களிடம் தேவையான இரவில் தேவையான ஆள் இருந்தார். ஏழு ஆட்டத் தொடர் இரண்டையும் அளக்கிறது, ஆனால் பின்னையதற்கே கூடுதல் புள்ளி கொடுக்கிறது.

காசுக்காகத் தொடரை இழுக்கிறார்கள் என்ற சந்தேகமும் எழுந்தது. வீரர்களுக்கான பங்கு நுழைவுச்சீட்டு வருமானத்திலிருந்து வருகிறது. ஏழு ஆட்டத் தொடர்களில் முதல் நாலு ஆட்டங்களின் வருமானத்தில் 60 வீதம், ஐந்து ஆட்டத் தொடரில் முதல் மூன்றின் 60 வீதம். அதற்கு மேல் எத்தனை ஆட்டம் ஆடினாலும் வீரர் நிதிக்கு ஒரு சதமும் கூடாது. இழுத்தால் இலாபம் உரிமையாளர்களுக்கும் தொலைக்காட்சிக்கும்தான், அவர்கள் மட்டை பிடிப்பதில்லை.

அடுத்த ஆண்டுக்கு நிர்வாக சபை முன்வைக்கும் பிரேரணைகள் இரண்டு. முதலாவது மண்டபம். முதற்சுற்று ஓய்வு பெற்ற அணி கிண்ணம் வரை போக ஆகக் குறைந்தது 11 ஆட்டம், கூடியது 19. இம்முறை ரொறன்ரோ ஆடியது 18. மண்டபத்துக்கு முற்பணம் கட்டி, "தேவைப்பட்டால்" என்ற இரவுகளுக்குப் பணம் திரும்பப் பெறும் உடன்பாட்டைக் கட்டட அலுவலகத்துடன் எழுத்தில் செய்யவேண்டும். நள்ளிரவுப் பூட்டுக்கு விலக்கும் அதில் சேரவேண்டும். இரண்டாவது, கரம் போட்டியை ஏழில் நாலாக நடத்தவேண்டும் என்று அங்கத்தவர் ஒருவர் தந்த மனு. முழுப் போட்டிக்கும் அது தாங்காது. இறுதிப் போட்டியை மட்டும் மூன்றில் இரண்டாக வைக்கலாம், புள்ளிகளைக் கூட்டுவதில்லை என்ற நிபந்தனையுடன். சென்ற முறை இரண்டாமிடம் வந்தவர் இந்த நிபந்தனையை எதிர்த்துப் பேச நேரம் கேட்டுள்ளார். தலைவர் அவருக்கு ஐந்து நிமிடம் ஒதுக்குமாறு கேட்டு, இவ்வறிக்கையைச் சபையின் ஏற்புக்குச் சமர்ப்பிக்கிறேன்.

செயலாளர்